இடைக்கால ஜீவனாம்ச உத்தரவுக்கு எதிரான சீராய்வில் உயர் நீதிமன்றம் எதைப் பார்க்கிறது

கேட்கப்பட்டது இதுதான். தங்கையின் கணவர் குடும்ப நீதிமன்றத்தில் விவாகரத்து மனு போட்டிருக்கிறார். அதே வழக்கில் தங்கை தாக்கல் செய்த இடைக்கால மனுவின் பேரில், அவருக்கு மாதம் 20,000 ரூபாயும், அவரிடம் வளரும் ஆறு வயது மகனுக்கு 10,000 ரூபாயும், வழக்குச் செலவாக ஒருமுறை 25,000 ரூபாயும் கொடுக்க வேண்டும் என்று உத்தரவாகியிருக்கிறது. எட்டு மாதம் கழிந்தும் ஒரு ரூபாய்கூட வரவில்லை. இப்போது கணவர் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் சீராய்வு மனு, அதாவது கீழ் நீதிமன்றத்தின் உத்தரவைச் சரிபார்க்கக் கேட்கும் மனு, போட்டிருக்கிறார். தங்கை பி.இ. படித்தவர், திருமணத்துக்கு முன் வேலை பார்த்தவர், தனக்கோ வீட்டுக் கடன் தவணை இருக்கிறது என்பவை அவர் சொல்லும் காரணங்கள். உயர் நீதிமன்றம் இந்த உத்தரவை ரத்து செய்துவிடுமா, அதுவரை பணம் வராதா, தொகையைக் கூட்டிக் கேட்க முடியுமா என்று அக்கா கேட்டிருக்கிறார்.

முதலில் மனதை அரிக்கும் கேள்விக்கு விடை சொல்லிவிடுகிறேன். சீராய்வு மனு தாக்கலானதாலேயே குடும்ப நீதிமன்றத்தின் உத்தரவு நின்றுவிடாது. உயர் நீதிமன்றம் தனியாகத் தடை உத்தரவு பிறப்பித்தால்தான் நிற்கும். தடை இல்லாதவரை ஒவ்வொரு மாதத் தொகையும் அந்தந்த மாதத்தில் கொடுக்க வேண்டிய கடனாகச் சேர்ந்துகொண்டே போகிறது. “மேலே கேஸ் போட்டிருக்கிறேன், அது முடியட்டும்” என்று கணவர் தரப்பில் சொல்லப்படுவதைப் பல பெண்கள் சட்டமென்றே நம்பிக் காத்திருக்கிறார்கள். நான் பார்த்தவரையில், இந்த ஒரு தவறான நம்பிக்கையால் இழந்த மாதங்கள்தான் மற்ற எல்லாத் தவறுகளையும்விட அதிகம்.

இனி, எந்தச் சட்டத்தின்கீழ் உத்தரவு பெற்றோம் என்பதைப் பொறுத்து அதை எதிர்க்கும் வழியும் மாறும் என்பதைத் தெரிந்துகொள்ள வேண்டும். உங்கள் தங்கையின் உத்தரவு 1955-ஆம் ஆண்டு இந்து திருமணச் சட்டத்தின் 24-ஆம் பிரிவின்கீழ் வந்தது. வழக்கு நடக்கும் காலத்துக்கு மட்டுமான பராமரிப்பையும் வழக்குச் செலவையும் பற்றியது அந்தப் பிரிவு. மனைவி மட்டுமல்லாமல் கணவரும் கேட்கலாம். அந்தச் சட்டத்தின் 28-ஆம் பிரிவு தீர்ப்பாணைகளுக்கும் நிரந்தர ஜீவனாம்சம், பிள்ளைகளின் பொறுப்பு ஆகியவை பற்றிய இறுதி உத்தரவுகளுக்கும்தான் மேல்முறையீடு தருகிறது. 24-ஆம் பிரிவு உத்தரவு அதில் இல்லை. 1984-ஆம் ஆண்டின் குடும்ப நீதிமன்றங்கள் சட்டத்தின் 19-ஆம் பிரிவும் இடைக்கால உத்தரவுகளை மேல்முறையீட்டிலிருந்து விலக்கி வைக்கிறது. இப்படிப்பட்ட உத்தரவு உண்மையில் இடைக்கால உத்தரவுதானா, அல்லது தரப்பினரின் உரிமையைப் பாதிக்கும் நடுத்தர வகை உத்தரவா என்பதில் வெவ்வேறு மாநில உயர் நீதிமன்றங்கள் வெவ்வேறாகச் சொல்லியிருக்கின்றன. டெல்லி உயர் நீதிமன்றம் 2012-ல் மேல்முறையீடு உண்டு என்ற பக்கம் நின்றது. தமிழ்நாட்டில் அரசமைப்புச் சட்டத்தின் 227-ஆம் பிரிவின்கீழ் உரிமையியல் சீராய்வு மனுவாகப் போடுவதே நடைமுறை. உங்கள் தங்கைக்கு வந்த நோட்டீஸில் சி.ஆர்.பி. என்று எண் இருந்தால் அது இந்த வழிதான்.

ஒப்பிட்டுப் பார்ப்பதற்காக, பராமரிப்பு கேட்கும் மற்ற இரண்டு சட்ட வழிகளையும் சொல்லிவைக்கிறேன். குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-ஆம் பிரிவு, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144-ஆம் பிரிவாகியிருக்கிறது. அதன்கீழ் எம்.சி. என்று எண்ணிடப்படும் பராமரிப்பு வழக்கில் வரும் இடைக்கால உத்தரவை எதிர்த்துக் குற்றவியல் சீராய்வு போடுவார்கள். குடும்ப வன்முறையிலிருந்து பெண்களைப் பாதுகாக்கும் 2005-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 23-ஆம் பிரிவின்படி குற்றவியல் நடுவர் தரும் இடைக்கால உத்தரவென்றால், 29-ஆம் பிரிவின்படி 30 நாட்களுக்குள் அமர்வு நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய வேண்டும்.

இப்போது விஷயத்தின் நடுப்பகுதிக்கு வருகிறேன். 227-ஆம் பிரிவு உயர் நீதிமன்றத்துக்குத் தருவது மேற்பார்வை அதிகாரம். கீழ் நீதிமன்றம் தன் அதிகார எல்லைக்குள் நின்றதா, எதிர்த் தரப்பைக் கேட்டதா, பார்க்க வேண்டிய ஆவணத்தைப் பார்த்ததா, ஆதாரமே இல்லாத ஒன்றை முடிவாக எழுதியதா, காரணம் சொன்னதா என்பவைதான் அங்கே எழும் கேள்விகள். “நானாக இருந்தால் 20,000-க்குப் பதில் 17,000 கொடுத்திருப்பேன்” என்று நீதிபதிக்குத் தோன்றுவது மட்டும் அந்த உத்தரவில் தலையிடப் போதுமான காரணம் ஆகாது. சாட்சி விசாரணை முடியாமல், இரு தரப்பின் பிரமாணப் பத்திரங்களையும் ஆவணங்களையும் மட்டும் வைத்து, ஓரளவு மதிப்பீட்டின் பேரில்தான் இடைக்காலத் தொகையைத் தீர்மானிக்க முடியும் என்பதை மேல் நீதிமன்றங்கள் ஒப்புக்கொண்டே வந்திருக்கின்றன. ஆகவே அந்த மதிப்பீடு ஆவணங்களோடு பொருந்தி நின்றால் அதை அப்படியே விட்டுவிடுவதே முறை.

ஆனால் இதை வைத்து உத்தரவை யாரும் தொடவே முடியாது என்று நினைத்துவிடக் கூடாது. 24-ஆம் பிரிவு பற்றிய ஒரு வழக்கில் கீழ் நீதிமன்றம் மனைவியின் மனுவைத் தள்ளிவிட்டது. டெல்லி உயர் நீதிமன்றமோ மாதம் 60,000 ரூபாய் தரச் சொன்னது. 2017 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அதை 25,000 ரூபாயாக மாற்றியது. நீதிபதி ஆர். பானுமதி எழுதிய அந்தத் தீர்ப்பு, இந்த அதிகாரம் நீதிமன்றத்தின் விருப்புரிமையைச் சேர்ந்தது என்றாலும் அந்த விருப்புரிமை தெளிவான நெறிகளுக்கு உட்பட்டே இயங்க வேண்டும் என்று சொல்கிறது. மறுபக்கத்தில் 2015-ஆம் ஆண்டின் ஒரு தீர்ப்பைப் பாருங்கள். ராணுவத்தில் இருந்து ஓய்வுபெற்ற கணவர், மாதம் 4,000 ரூபாய் தர வேண்டும் என்ற குடும்ப நீதிமன்ற உத்தரவுக்கு எதிராக உயர் நீதிமன்றம் போனார். அவர் ஓய்வுபெற்றதைக் காரணமாக்கி உயர் நீதிமன்றம் அதை 2,000 ஆக்கியது. உச்ச நீதிமன்றம் அந்தக் குறைப்பை ரத்து செய்து 4,000 ரூபாயையே மீட்டுக் கொடுத்தது. மனைவி பிழைத்துக் கிடந்தால் போதும் என்பதல்ல சட்டத்தின் நோக்கம், கணவர் வீட்டில் வாழ்ந்திருந்தால் எப்படி வாழ்ந்திருப்பாரோ அதற்கு ஏறக்குறைய ஒரு கண்ணியமான வாழ்க்கை வேண்டும் என்பதை அந்தத் தீர்ப்பு அழுத்திச் சொன்னது. 2023 நவம்பரில் இன்னொரு வழக்கில், தக்க காரணம் எழுதாமல் உயர் நீதிமன்றம் தொகையைக் குறைத்திருந்ததை உச்ச நீதிமன்றம் ஏற்காமல், மறுபடி விசாரிக்கத் திருப்பி அனுப்பியது.

இந்த மூன்று தீர்ப்புகளையும் சேர்த்துப் படித்தால் ஒன்று விளங்கும். தொகை பெரியதா சிறியதா என்பதைவிட, அதற்குப் பின்னால் காரணம் எழுதப்பட்டிருக்கிறதா, அந்தக் காரணத்துக்குக் கோப்பில் தாள் இருக்கிறதா என்பதே மேலே தீர்மானிக்கிறது. உங்கள் தங்கையின் வழக்கில் நீங்கள் முதலில் செய்ய வேண்டியது, குடும்ப நீதிமன்ற உத்தரவின் சான்றிட்ட நகலை எடுத்து, அதில் “20,000” என்ற எண்ணுக்கு முந்தைய இரண்டு பத்திகளை நிதானமாகப் படிப்பதுதான். கணவரின் நிகரச் சம்பளம் இன்னது, ஆவணம் இன்னது, மனைவிக்குத் தனி வருமானம் இல்லை என்பதற்கு அடிப்படை இன்னது, பிள்ளையின் பள்ளிக் கட்டணம் இவ்வளவு என்று அங்கே எழுதியிருந்தால் பெரும்பாலும் கவலை வேண்டாம். “இரு தரப்பையும் கேட்டு, சூழ்நிலைகளைக் கருத்தில் கொண்டு, நியாயமான தொகையாக 20,000 நிர்ணயிக்கப்படுகிறது” என்று ஒரே வரியில் முடிந்திருந்தால், தொகை எவ்வளவு நியாயமானதாக இருந்தாலும் அந்த உத்தரவு ஆட்டம் காணக்கூடியது.

ஆட்டம் காண்பதிலும் வகை இருக்கிறது. காரணமில்லாத உத்தரவை உயர் நீதிமன்றம் பெரும்பாலும் முழுதாகத் தள்ளிவிடுவதில்லை. திருப்பி அனுப்பி, மறுபடி விசாரிக்கச் சொல்லும். கேட்பதற்கு இது நியாயமாகத்தான் இருக்கும். ஆனால் பிள்ளைக்குப் பள்ளிக் கட்டணம் கட்ட வழியில்லாத பெண்ணுக்கு, மறு விசாரணை முடியும்வரை காத்திருக்கும் மாதங்கள் சாதாரணமானவை அல்ல. ஆகவே திருப்பி அனுப்பும் பேச்சு எழுந்தால், புதிய உத்தரவு வரும்வரை தற்போதைய தொகையோ அதில் ஒரு பகுதியோ தொடர்ந்து கட்டப்பட வேண்டும் என்றும், இத்தனை வாரத்துக்குள் முடிக்க வேண்டும் என்று கெடு விதிக்க வேண்டும் என்றும் உங்கள் வழக்கறிஞர் அங்கேயே, அந்த நிமிடமே கேட்க வேண்டும். உத்தரவு கையெழுத்தான பிறகு இதை நினைவூட்டிப் பயனில்லை.

இங்கேதான் 2020 நவம்பர் 4-ஆம் தேதியின் ரஜ்னேஷ் எதிர் நேஹா தீர்ப்பு முக்கியமாகிறது. நீதிபதி இந்து மல்கோத்ராவும் நீதிபதி ஆர். சுபாஷ் ரெட்டியும் அடங்கிய அமர்வு அதைச் சொன்னது. மனைவிக்கு மாதம் 15,000 ரூபாயும் மகனுக்கு முதலில் 5,000, பிறகு 10,000 ரூபாயும் என்று நாக்பூர் குடும்ப நீதிமன்றம் 2013-ஆம் ஆண்டிலிருந்து தரச் சொன்ன இடைக்காலத் தொகை, உச்ச நீதிமன்றத்தில் முடிவுக்கு வர 2020 ஆயிற்று. இடைக்காலம் என்ற சொல்லுக்கே பொருள் போய்விட்ட அந்த ஏழாண்டைப் பார்த்துத்தான் நாடு முழுவதற்குமான வழிமுறைகளை நீதிபதிகள் வகுத்தார்கள். ஜீவனாம்சம் கேட்கும் எந்த வழக்கிலும், எந்தச் சட்டத்தின்கீழ் இருந்தாலும், இரு தரப்பும் தங்கள் சொத்துகளையும் பொறுப்புகளையும் வெளிப்படுத்தும் பிரமாணப் பத்திரத்தைத் தாக்கல் செய்தாக வேண்டும். அதற்கான படிவமே தீர்ப்புடன் இணைக்கப்பட்டிருக்கிறது. விவசாயக் குடும்பங்களுக்குத் தனிப் படிவம் உண்டு. எதிர்த் தரப்பு நான்கு வாரத்துக்குள் தன் பத்திரத்தைத் தாக்கல் செய்ய வேண்டும், அதற்காக இரண்டு வாய்ப்புகளுக்கு மேல் தரக் கூடாது, இடைக்கால மனுவை நான்கு முதல் ஆறு மாதத்துக்குள் முடிக்க முயல வேண்டும் என்றெல்லாம் அதில் இருக்கிறது. சட்டப் புத்தகத்தில் 60 நாட்களுக்குள் என்றுதான் 2001 முதலே எழுதியிருக்கிறது என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

சீராய்வில் இந்தப் பிரமாணப் பத்திரம் இரு பக்கமும் வெட்டும். கணவர் தன்னுடையதைத் தாக்கல் செய்யாமல் இருந்துவிட்டு இப்போது “என் வருமானத்தைத் தவறாகக் கணக்கிட்டுவிட்டார்கள்” என்று மேலே போனால், தன் கையில் இருக்கும் தகவலை மறைத்தவருக்கு எதிராகத்தான் முடிவெடுக்க முடியும் என்ற கொள்கை உங்கள் தங்கைக்குத் துணை நிற்கும். ஒருவருக்கு மட்டுமே தெரிந்த விவரத்தை நிரூபிக்கும் பொறுப்பும் அவருடையதே என்பது சாட்சியச் சட்டத்தின் பழைய விதி. ஆனால் உங்கள் தங்கையும் தாக்கல் செய்யாமல் விட்டிருந்தால், கணவரின் வழக்கறிஞர் தூக்கிக் காட்டப்போகும் முதல் குறை அதுதான். இதைவிட ஆபத்தானது அரைகுறையாகச் சொல்வது. வீட்டிலிருந்தே எடுக்கும் டியூஷனில் மாதம் நாலாயிரம் வருகிறது என்றால் அதை எழுதிவிடுங்கள். அந்த நாலாயிரத்துக்காக இருபதாயிரம் ரத்தாகாது. மறைத்ததாகத் தெரிந்தால், மற்ற எல்லாவற்றின் நம்பகத்தன்மையும் அதோடு போய்விடும். பொய்ப் பிரமாணத்துக்காகத் தனி நடவடிக்கை எடுக்கச் சொல்லி எதிர்த் தரப்பு மனுப் போடுவதும் இப்போது அதிகமாகியிருக்கிறது.

அடுத்து, “படித்தவர்தானே, வேலைக்குப் போகலாமே” என்ற வாதம். இதைச் சொல்லாத சீராய்வு மனுவை நான் பார்த்ததில்லை. சம்பாதிக்கும் தகுதி என்பதும் உண்மையில் சம்பாதிப்பது என்பதும் வேறு வேறு என்று உச்ச நீதிமன்றம் 2017-ல் தெளிவாகச் சொல்லிவிட்டது. தகுதி இருக்கிறது என்பதை மட்டும் காரணமாக்கிப் பராமரிப்பைக் குறைக்கக் கூடாது. 24-ஆம் பிரிவின் சொற்களும் அதையே கேட்கின்றன. தன்னைப் பராமரித்துக்கொள்ளவும் வழக்கை நடத்தவும் போதுமான தனி வருமானம் இப்போது இருக்கிறதா என்பதுதான் கேள்வி. வேலையை விட்டுப் பல ஆண்டு ஆகிவிட்ட ஒரு பெண்ணின் பி.இ. பட்டம், இந்த மாத அரிசிக்கும் வாடகைக்கும் காசாகாது. ஆனால் இந்த வாதத்துக்கும் ஓர் எல்லை உண்டு என்பதை நேர்மையாகச் சொல்ல வேண்டும். வழக்கு தொடங்குவதற்கு ஒரு மாதம் முன்புவரை வேலையில் இருந்து, காரணமின்றி ராஜினாமா செய்தவரை நீதிமன்றம் வேறு கண்ணோடுதான் பார்க்கும். எனவே தங்கை எந்த ஆண்டில், எதற்காக வேலையை விட்டார் என்பதை, முடிந்தால் பழைய நிறுவனத்தின் விடுவிப்புக் கடிதத்துடன், கோப்பில் வைத்திருப்பது நல்லது.

வீட்டுக் கடன் பற்றிய வாதத்துக்கும் விடை பழைய தீர்ப்புகளிலேயே இருக்கிறது. வருமான வரி, கட்டாய வருங்கால வைப்பு நிதி போன்றவற்றைக் கழித்து நிகர வருமானத்தைப் பார்க்க வேண்டும், தானாக விரும்பிச் சேமிப்பதைக் கழிக்கக் கூடாது என்ற பிரிவினையை உச்ச நீதிமன்றம் 1970-லேயே செய்துவிட்டது. கடன் தவணை பெரும்பாலும் இரண்டாம் வகையில்தான் வரும். தவணை கட்டக் கட்ட அவர் பெயரில் சொத்து சேர்கிறது. அந்த வீட்டில் தங்கையும் பிள்ளையும் குடியிருந்தால் கணக்கு மாறும். வழக்கு தொடங்கிய பிறகு வாங்கப்பட்ட கடனா என்பதையும் தேதியைப் பார்த்துச் சொல்லிவிடலாம். வயதான பெற்றோரைக் காப்பாற்றும் பொறுப்பு மட்டும் உண்மையாகவே எண்ணிப் பார்க்க வேண்டிய செலவு. அதை இல்லை என்று வாதாடுவது உங்கள் தரப்புக்கு அழகல்ல, பயனும் தராது.

சம்பளத்தில் 25 சதவீதம் என்று ஒரு கணக்கு எல்லார் வாயிலும் இருக்கிறது. அது எங்கிருந்து வந்தது என்றால், 2017-ல் உச்ச நீதிமன்றம் மேற்கு வங்க வழக்கொன்றில் கணவரின் நிகரச் சம்பளத்தில் 25 சதவீதம் நியாயமான அளவு என்று சொன்னதிலிருந்துதான். அது நிரந்தர ஜீவனாம்சம் பற்றிய 25-ஆம் பிரிவு வழக்கு. அதிலேயே, கணவர் மறுமணம் செய்து இன்னொரு குழந்தைக்கும் தந்தையானதைக் கருதி 23,000 ரூபாயை 20,000 ஆகக் குறைத்தார்கள். அப்படியிருக்க, 25 சதவீதம் கைகாட்டும் அளவுதானே தவிர, அதற்கு மேல் போகாதே என்று போட்ட கோடும் அல்ல, அதற்குக் கீழே போகாதே என்ற கோடும் அல்ல. பிள்ளைக்கான தொகை தனி. மனைவியோடு வாழும் பிள்ளையின் தேவையையும் 24-ஆம் பிரிவில் சேர்த்துப் பார்க்கலாம் என்று 1997-லேயே தீர்ப்பு இருப்பதால், “இந்தப் பிரிவில் மகனுக்குக் கொடுக்க அதிகாரமே இல்லை” என்ற வாதம் எழுந்தால் அதற்கும் பதில் இருக்கிறது.

விவாகரத்து மனுவில் கணவர் தங்கையைப் பற்றி எழுதியிருக்கும் குற்றச்சாட்டுகள் சீராய்வு மனுவிலும் பத்தி பத்தியாக இருக்கும். அவை விசாரணையில் முடிவாக வேண்டியவை. 2025 பிப்ரவரியில் மூன்று நீதிபதிகள் அமர்வு, திருமணமே செல்லாதது என்று வழக்கு நடக்கும்போதும் 24-ஆம் பிரிவின் நிபந்தனைகள் பொருந்தினால் இடைக்காலத் தொகை வழங்கலாம் என்று சொல்லியிருக்கிறது. அந்த அளவுக்கே இடம் இருக்கும்போது, நிரூபணமாகாத ஒரு குற்றச்சாட்டு மட்டும் தொகையை நிறுத்திவிடாது.

இனி பணம் வரும் வழி. சீராய்வில் கணவர் தடை கேட்டால், நிலுவையில் ஒரு பகுதியை, பல நேரம் பாதியை, குறிப்பிட்ட வாரங்களுக்குள் கட்டினால்தான் தடை என்ற நிபந்தனையோடு கொடுப்பதே உயர் நீதிமன்றத்தில் பழக்கமாக இருக்கிறது. ஆகவே உங்கள் தங்கை நோட்டீஸ் வந்ததும் வக்காலத்து போட்டு, முதல் விசாரணையிலேயே எட்டு மாத நிலுவைக் கணக்கை ஒரு தாளில் தேதிவாரியாகப் போட்டு நீதிபதி முன் வைக்க வேண்டும். ஆள் இல்லாமல் போனால், ஒருதலையாகக் கேட்டு முழுத் தடை வந்துவிட வாய்ப்பு உண்டு. இதைப் படிக்கும் வேறு யாருக்காவது உத்தரவு வந்து சில நாட்களே ஆகியிருந்தால், கணவர் மேலே போவதற்கு முன்பே கேவியட், அதாவது என்னையும் கேட்ட பிறகே உத்தரவிட வேண்டும் என்ற முன்னறிவிப்பு மனு, தாக்கல் செய்துவிடுங்கள். அது 90 நாட்களுக்கு நிற்கும். அந்தக் காலத்தில் உங்களைக் கேட்காமல் உத்தரவு போடுவது கடினம்.

தடை இல்லாத பட்சத்தில், குடும்ப நீதிமன்றத்திலேயே நிறைவேற்று மனு போடலாம். இந்து திருமணச் சட்டத்தின் 28-ஏ பிரிவு இதற்கு இடம் தருகிறது. சம்பளக்காரர் என்றால் சம்பளத்தை ஜப்தி செய்வதே நேரான வழி. சாதாரணக் கடனுக்காக ஜப்தி செய்யும்போது சம்பளத்தின் பெரும்பகுதி பாதுகாக்கப்படும். பராமரிப்புக்கான ஜப்தி என்றால் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 60-ஆம் பிரிவு மூன்றில் ஒரு பங்கை மட்டுமே விலக்கி வைக்கிறது. இதை அறியாத வழக்காடிகள் நிறையப் பேர். விவாகரத்து மனு கணவருடையது என்பதால், நிலுவையைக் கட்டும்வரை அவருடைய மனுவின் விசாரணையை நிறுத்திவைக்குமாறு கேட்பதற்கும் இடம் இருக்கிறது. வேண்டுமென்றே, பிடிவாதமாகக் கட்ட மறுப்பவரின் தரப்பு வாதத்தையே நீக்கிவிடலாம் என்று 2020-ஆம் ஆண்டுத் தீர்ப்பும் சொல்கிறது. ஆனால் அது கடைசி ஆயுதமாகவே இருக்க வேண்டும் என்ற எச்சரிக்கையும் அதோடு உண்டு.

எம்.சி. வழக்கில் உத்தரவு பெற்றவர்களுக்கு ஒரு கால எல்லையைச் சொல்லாமல் போக முடியாது. அங்கே ஒவ்வொரு மாதத் தொகையும் கொடுக்க வேண்டிய நாளிலிருந்து ஓராண்டுக்குள் வாரண்ட் கேட்டு மனுப் போட வேண்டும். காலம் தாண்டிவிட்டால் உரிமை அழிந்துவிடாது, அந்தக் குறிப்பிட்ட வழிதான் அடைபடும் என்றும், காலத்துக்குள் போட்ட மனு நிலுவையில் இருக்கும்போது பின்னால் சேரும் தொகைக்கும் அது உதவும் என்றும் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில் 2013-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆயினும் ஓராண்டுக்குள் போட்டுவிடுவதே நல்லது. சிறைக்குப் போய்விட்டு வந்தால் கடன் தீர்ந்தது என்ற நினைப்பும் தவறு. சிறை கட்ட வைப்பதற்கான வழி மட்டுமே, தொகை அப்படியே நிற்கும் என்பது உச்ச நீதிமன்றத்தின் பழைய தீர்ப்பு.

கூட்டிக் கேட்பது பற்றி. கணவர் போட்ட சீராய்வில் நீங்கள் பதில் சொல்பவர் மட்டுமே. அவருடைய மனுவிலேயே உங்களுக்குத் தொகையைக் கூட்டித் தருவார்கள் என்று எதிர்பார்க்கக் கூடாது. அதற்குத் தனிச் சீராய்வு மனுவை நீங்களும் போட வேண்டும். இரண்டையும் சேர்த்து விசாரிப்பார்கள். ஆனால் இங்கே என் தனிப்பட்ட அபிப்பிராயத்தைச் சொல்கிறேன்: காரணம் எழுதிய, ஆவணத்தோடு பொருந்திய உத்தரவு கையில் இருந்தால், நாலாயிரம் ஐயாயிரம் கூடுதலுக்காக அதை நீங்களே மேலே கொண்டுபோய்த் திறந்துவிட வேண்டாம். முதலில் அந்த இருபதும் பத்தும் மாதாமாதம் வீடு வந்து சேரட்டும். கணவர் சம்பளத்தை மறைத்ததற்கான புதிய ஆவணம் கிடைத்தாலோ, அவருக்குப் பதவி உயர்வு வந்தாலோ, பிள்ளைக்குப் பெரிய மருத்துவச் செலவு வந்தாலோ, அதற்கு இடம் குடும்ப நீதிமன்றம்தான். மாறிய சூழ்நிலையைக் காட்டித் தொகையை மாற்றக் கேட்கும் மனுவை உத்தரவிட்ட நீதிமன்றத்தில் போட வேண்டும். கீழே காட்டாத புதிய ஆவணத்தைச் சீராய்வில் நேரே நீட்டினால், இது கீழே போக வேண்டியது என்ற பதில்தான் வரும். கணவருக்கும் இதே விதிதான். வேலை போய்விட்டது என்றால் அதை அவர் குடும்ப நீதிமன்றத்தில் நிரூபிக்க வேண்டும்.

குடும்ப வன்முறைச் சட்டத்தின்கீழும் தனியாக ஏதாவது தொகை பெற்றுக்கொண்டிருந்தால் அதை மறைக்காமல் சொல்லுங்கள். எத்தனை சட்டத்தின்கீழ் வேண்டுமானாலும் கேட்கலாம். ஆனால் முன்பு கிடைத்ததைச் சொல்லியாக வேண்டும், அது பின்னால் வரும் தொகையில் கழியும்.

வாங்கியதைத் திருப்பித் தர வேண்டி வருமா என்ற பயமும் கேள்வியில் தொனிக்கிறது. 24-ஆம் பிரிவில் திருப்பிக் கொடுப்பது பற்றி ஒரு சொல்லும் இல்லை. சாப்பாட்டுக்கும் வாடகைக்கும் செலவான பணத்தைத் திரும்பக் கேட்பது இந்தச் சட்டத்தின் இயல்புக்கே ஒவ்வாதது. உயர் நீதிமன்றம் தொகையைக் குறைத்தால், எந்தத் தேதியிலிருந்து குறைகிறது என்பதை உத்தரவில் தெளிவாக எழுதச் சொல்லிக் கேட்டுக்கொள்ள வேண்டும். தேதி எழுதப்படாவிட்டால், குறைத்தது முதல் நாளிலிருந்தே என்று கணவர் தரப்பு வாதாடி நிலுவையைச் சுருக்கப் பார்க்கும். 2020-க்குப் பிறகு, ஜீவனாம்சம் மனுத் தாக்கல் செய்த நாளிலிருந்தே கணக்கு என்பது நிலைபெற்ற விதி. எட்டு மாதம் என்று நீங்கள் எண்ணுவது உத்தரவு வந்த நாளிலிருந்து என்றால், உண்மையான நிலுவை அதைவிட அதிகமாக இருக்கக்கூடும். மனுத் தாக்கல் எண் முத்திரையில் இருக்கும் தேதியைப் பாருங்கள்.

வழக்கறிஞரைப் பார்க்கப் போகும்போது உத்தரவின் சான்றிட்ட நகல், இரு தரப்புப் பிரமாணப் பத்திரங்கள், கணவரின் சம்பளச் சீட்டும் படிவம் 16-ம் (நிறுவனம் தரும் வருமான வரிச் சான்று), பள்ளிக் கட்டண ரசீதுகள், வாடகை ஒப்பந்தம், தங்கையின் வங்கிக் கணக்கு விவரம் எல்லாவற்றையும் எடுத்துப் போங்கள். குடும்ப நீதிமன்றத்தில் சான்றாவணமாகக் குறியீடு பெற்ற ஆவணங்கள் எவை, பெறாதவை எவை என்று தனித்தனியே பிரித்துக் கட்டிக்கொண்டு போனால், சீராய்வில் எதை வைத்து வாதாட முடியும் என்பதை அவர் அரை மணி நேரத்தில் சொல்லிவிடுவார். நிறைவேற்று மனுவையும் அன்றைக்கே தயாரிக்கச் சொல்லுங்கள். சீராய்வு முடியட்டும் என்று அதற்காகக் காத்திருக்க வேண்டாம்.